ஒரு வீட்டுக்கு ஒன்று

மாலை ஆறு மணி தாண்டியிருந்தது. இனி விடியும்வரை, விளக்கு நீங்கலாக, ஒரு வீட்டில் ஒரு கருவிதான் ஓடும். இன்னொன்றைப் போட்டால் முதலாவது நின்றுவிடும்.

மரகதம் வீட்டு உள்ளறையில் ஆக்சிஜன் மெஷின் ஓடியது. அது நின்றால் அவள் கணவர் தணிகாசலம் சில நிமிடங்களே தாங்குவார். மகளைப் பெண் பார்க்க வந்தவர்களிடம், அவர் வெளியூர் போயிருப்பதாகச் சொல்லியிருந்தாள். நோயாளி வீடு என்று தெரிந்தால் சம்பந்தம் அமையாது.

மாப்பிள்ளையின் தாய்மாமன் கழுத்தைத் துடைத்தார். “என்ன தங்கச்சி, கேசரியோட எங்களையும் வேகவெச்சுட்டீங்க? இருக்கிறதே ஒண்ணு. அதுகூட விருந்தாளிக்கு இல்லையா?”

எல்லோரும் சிரித்தார்கள். மரகதமும் சிரித்தபடி எழுந்து மின்விசிறியைப் போட்டாள்.

மாப்பிள்ளையின் அம்மா உள்ளறைக் கதவைப் பார்த்தாள்.

“உள்ள ஏதோ ஓடிக்கிட்டிருந்துச்சே, அது என்னம்மா?”