மார்பளவுச் சுவர்

எல்லையில் பதுங்குகுழிக்குள் கிடந்துவிட்டு விடுப்பில் வந்த செங்கோடன், மார்பளவே இருந்த கொல்லைச் சுவரை ஒட்டிக் கிணற்றடிக்குக் குனிந்தே நடந்தான்.

"இங்க யாருங்க சுடப்போறாங்க? நிமுந்து நடங்க," என்றாள் அவன் மனைவி வளர்மதி.

நிமிர்ந்தான். நாலடி வைப்பதற்குள் முதுகு தானாக வளைந்தது. பக்கத்து வீட்டுக்காரர் சுவருக்கு மேல் எட்டிப் பார்த்து நலம் விசாரித்தபோது, அவர் தலையைப் பிடித்துக் கீழே அமுக்கினான். அப்புறம் அந்தப் பக்கமிருந்து யாரும் பேசவில்லை.

திரும்பிப் போகவேண்டிய நாளில், பெட்டியைக் கட்டிவிட்டுத் துவைகல்லில் அசந்து உட்கார்ந்திருந்தான். வளர்மதி டீ கொண்டு வந்தாள். சுவர் தொடங்கிய இடத்தில், டம்ளர் தளும்பாமல், தன்னையறியாமல் குனிந்தாள்.

நிமிர்ந்து வா என்று சொல்லத்தான் வாயெடுத்தான்.

"இன்னுங் கொஞ்சம் குனிஞ்சு வா புள்ள," என்றான்.