அடுப்படி அக்காவின் கணவாய்

மூக்கைப் பொத்திக்கொண்டுதான் அவள் கிண்டினாள். கணவருக்குச் சர்க்கரை ஏறியிருந்ததால், வாரப் பத்திரிகையில் 'அடுப்படி அக்கா' எழுதும் பக்கத்தைப் பார்த்துச் செய்தாள். மாவுச்சத்து இல்லாத இலையுதிர்கால ஸ்டார்ட்டராம். பூசணிக் கூழ், சீஸ், பட்டைத்தூள், சோயா சாஸ், அதில் இருபது நிமிடம் வெந்த கணவாய் மீன்.

ஒரு வாய் வைத்ததுமே குமட்டியது. ஓடிப்போய்த் துப்பினாள். கணவாய் செருப்புத் தோல்; கூழ் சளியாய் நூல்விட்டது.

"இத எழுதினவ ஜென்மத்துல அடுப்பு பத்தவச்சிருக்க மாட்டா."

கல்யாணமான நாளிலிருந்து அவள் சமையலுக்கு நொட்டை சொல்லியே பழகிய கணவர், "ஏன், நல்லாத்தானே இருக்கு" என்றார். கண்ணில் நீர் முட்ட இரண்டு துண்டுகளை விழுங்கிவிட்டு, கைகழுவ எழுந்து போனார்.

மேசையில் அவர் போன் அடித்தது. எடுத்தாள்.

"பத்திரிகை ஆபீஸ்ல இருந்து பேசுறேங்க. சார் அடுத்த வாரக் குறிப்ப இன்னும் அனுப்பல. அடுப்படி அக்கா பக்கம் காலியா நிக்குது. கொஞ்சம் ஞாபகப்படுத்துங்க."

அவர் திரும்பி வந்தபோது, வாணலியில் மிச்சமிருந்ததெல்லாம் அவர் தட்டில் இருந்தது.

"உக்காருங்க அக்கா," என்றாள். "இனிமே வாராவாரம் நீங்க எழுதுறத அப்படியே சமைச்சுப் போடுறேன்."