ஈத்தைக்குள் யார்

டிக். டிக்டிக்.

அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டாள்.

போனில் இருந்த தவளைக் குரலை ஒலிக்கவிட்டதும், ஈத்தை மூங்கில் புதருக்குள்ளிருந்து பதில் வந்துவிட்டது.

அட, இருக்கிறாயா நீ!

கட்டைவிரல் நுனி அளவே உள்ள மரத்தவளை. ஈத்தைத் தண்டில் இருக்கும் ஓட்டை வழியாக உள்ளே போய் முட்டையிடும். ஆண் உள்ளேயே காவல் கிடக்கும். பல மழைக்காலமாக யார் கண்ணிலும் படவில்லை.

இன்று ரேஞ்சரிடம் அது இருக்கிறது என்று சொன்னால் புது ரோடு சுற்றிக்கொண்டு போகும். இல்லையென்றால் நாளைக்கே ஈத்தையை வெட்டிவிடுவார்கள்.

மறுபடி ஒலிக்கவிட்டாள். மறுபடி பதில்.

அழுகையே வந்துவிட்டது. அட்டை கடித்த காலோடு புதரை விலக்கிக்கொண்டு போனாள்.

அந்தப் பக்கம் எபனேசர். அவளோடு தவளை தேட வந்தவன். ஓடைக்கு அப்பால்தான் போயிருந்தான். எப்போது திரும்பினான்? கையில் போன். முகமெல்லாம் சிரிப்பு.

"அக்கா, நான் போட்டதுக்குப் பதில் சொல்லுச்சு! கேட்டீங்களா?"

அவள் தன் போனைக் காட்டினாள்.

சிரிப்பு வடிந்தது.

ச்சே. இரண்டு போன்கள்தான் இவ்வளவு நேரம் கொஞ்சிக்கொண்டிருந்திருக்கின்றன.

எபனேசர் தன் போனை அணைத்துப் பாறைமேல் வைத்தான். அவளும் ஒலியை நிறுத்தினாள். இலைகளில் மழை சொட்டியது.

டிக்.

அவள் அவனைப் பார்த்தாள்.

"நான் இல்லக்கா. சத்தியமா."

சொட்டுச் சத்தமா? காதில் ஒட்டிக்கொண்ட பழைய குரலா? ஒரு மண்ணும் புரியவில்லை.

பக்கத்தில் ஓட்டை விழுந்த தண்டு ஒன்று. உள்ளங்கையை வைத்தாள். இன்னொரு கையில் கத்தி. பிளந்தால் தெரிந்துவிடும். பிளந்தால், உள்ளே முட்டை இருந்தால், அதோடு சரி.

கழுத்தில் தொங்கிய போன் அதிர்ந்தது. ரேஞ்சர்.

கத்தி பிடித்த கையின் விரலாலேயே ஸ்பீக்கரில் போட்டாள்.

"என்னம்மா, இருக்கா, இல்லையா?"

உள்ளங்கைக்குக் கீழே ஏதோ துடித்தது. தண்டா, தன் நாடியா, தெரியவில்லை.

கத்தியை எபனேசரிடம் நீட்டினாள். அவன் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டான்.

"இருக்கு சார்."

சொன்ன பிறகுதான் பயம் வந்தது.

டிக். டிக்டிக்.

"கேக்குதும்மா," என்றார் ரேஞ்சர். "முதல்ல அந்த ரெக்கார்டிங்க நிறுத்திட்டுப் பேசு."

அவள் பாறையைப் பார்த்தாள். எபனேசரின் போன் அங்கேயேதான் அணைந்து கிடந்தது.