மூன்று கியூப்

வல்லை வெளியின் நடுவில் பொலிஸ்காரர் கையைக் காட்டியதும், சிவகரன் டிப்பர் லொறியின் பிரேக்கை மிதித்தான். பொலிஸ்காரரின் மற்றக் கையில் அளவு நாடா இருந்தது. அளந்தால் பிடிபடுவான். பிடிபட்டால் இந்தத் தொழில் முடிந்தது.

"பெர்மிட் இருக்குத்தானே, பிறகேன் உனக்கு வேர்க்குது?" என்றாள் பக்கத்தில் இருந்த உதயகலா. புத்தூரில் அவள் கட்டுகிற வீட்டுக்குத்தான் டிப்பரில் மணல் போகிறது.

"வெயிலக்கா."

"இந்த வெளிக் காத்திலையோ?"

அவன் முகத்தைத் தோளில் துடைத்தான். இது ஐந்தாவது லோட். சுவருக்கும் காணவேண்டிய முதல் நாலும் அத்திவாரத்தோடு முடிந்துபோயின. மேசன் தனோஜன்தான் மணலைக் களவாக விற்றுவிட்டான் என்று நேற்று அவனை நிறுத்திவிட்டு, இன்று தானே டிப்பரில் ஏறி வந்திருந்தாள் உதயகலா.

"பத்து வருசமாத் தெரிஞ்ச பெடியன். அழுதுகொண்டு போனான். ஆரையும் நம்பேலாமல் கிடக்கு, தம்பி."

"காலம் அப்பிடி, அக்கா," என்றான் சிவகரன், ரோட்டைப் பார்த்தபடி.

பொலிஸ்காரர் கிட்ட வந்துவிட்டார். "எவ்வளவு ஏத்தியிருக்கிறீர்?"

"மூண்டு கியூப், சேர். பெர்மிட்டும் மூண்டுக்குத்தான்." பெர்மிட்டை எடுத்துக் கொடுத்தான்.

"எல்லாரும் உப்பிடித்தான் சொல்லுறியள். அளந்தால் நாலு கிடக்கும். இறங்கும்."

அவர் பெட்டியின் வெளிப்புறத்தை ஒவ்வொரு பக்கமாக அளந்தார். "நீளம் பத்தடி. அகலம் ஏழரை. உயரம் நாலு." கைபேசியில் பெருக்கினார். "முந்நூறு கன அடி. நூறு கன அடிக்கு ஒரு கியூப் எண்டால், மூண்டு கியூப்." எட்டிப் பார்த்தார். மணல் விளிம்போடு மட்டமாக இருந்தது, ஒரு கை கூட மேலே இல்லை. "சரியாத்தான் கிடக்கு."

சிவகரனுக்கு மூச்சு வந்தது. பெர்மிட்டை வாங்கக் கையை நீட்டினான்.

அப்போதுதான் உதயகலா யன்னலால் தலையை நீட்டினாள். "சேர், இந்தத் தம்பி நேர்மையான ஆள். சந்தேகமெண்டால் மேலை ஏறி உள்ளுக்கையும் அளந்து பாருங்கோ."

"அக்கா, சும்மா இருங்கோ," என்றான் சிவகரன் மெல்ல.

மெல்லச் சொன்னது பொலிஸ்காரருக்கும் கேட்டுவிட்டது. "ஏன், அவ ஏன் சும்மா இருக்கோணும்?"

ஜீப்பிலிருந்து ஒரு நீளக் கம்பியை எடுத்துக்கொண்டு மேலே ஏறினார். "உள்ளுக்குப் புதுப் பலகை அடிச்சிருக்கு?"

"மண் சிந்தாமல் இருக்க, சேர்."

நாடா இரண்டு முறை இழுபட்டது. பிறகு கம்பி மணலுக்குள் இறங்கி, டொக் என்று நின்றது. கம்பியில் விரலை வைத்து அடையாளம் பார்த்தவர், நிமிர்ந்து சிவகரனைப் பார்த்தார். காற்று அள்ளிவந்த மணல் கண்ணில் விழுந்தும் அவன் துடைக்கவில்லை.

கீழே இறங்கியவர் ஒருமுறை பெருக்கினார். நம்பாமல் இன்னொரு முறையும் பெருக்கினார். பிறகு பெர்மிட்டை அவனிடமே நீட்டினார்.

"கூட ஏத்தினால்தான் எனக்குக் கேஸ். நீர் போகலாம்."

சிவகரன் நகரவில்லை. பொலிஸ்காரர் யன்னலடிக்குப் போனார்.

"அம்மா, அடியிலையும் பக்கங்களிலையும் பலகை அடிச்சு, நீளம், அகலம், ஆழம், மூண்டிலையும் அரையடி அரையடிதான் குறைச்சிருக்கு. ஆனால் உள்ளுக்கை மூண்டு கியூப் இல்லை. ரெண்டேகால் சொச்சம்தான் கிடக்கு."

உதயகலா பின்னாலிருந்த மணலைத் திரும்பிப் பார்த்தாள். பிறகு கைபேசியில் ஒரு இலக்கத்தை அழுத்தி, அதை யன்னலால் சிவகரனிடம் நீட்டினாள்.

"தனோஜன்தான். நீயே சொல்லு, தம்பி."