உதுமானின் குழி

சேகனாவுக்கு இடுப்பு ஒடிந்துவிடும்போல் வலித்தது. கபர்ஸ்தானில் பாறையைக் கொத்தி அவர் வெட்டிய குழியோரம் உதுமானின் உடலைச் சுமந்த சந்தூக்கு வந்து இறங்கியது. ஜமாஅத் தலைவர் குறுக்கே நின்றார்.

"நரகத்த யாரு பாத்துட்டு வந்தான்னு டீக்கடையில கேட்டவன் இவன். காபிர். தொழவைக்க ஆலிம் வரமாட்டாரு. பொதைக்கிறவனும் காபிர்தான்."

தூக்கி வந்தவர்கள் ஒவ்வொருவராக நழுவினார்கள்.

"நாளைக்கு ஒன் மையத்துக்கும் ஆள் வராது, சேகனா."

"வந்து என்ன கிழிக்கப் போறாங்க தலைவரே? எனக்கும் நான்தான் வெட்டிக்கணும்."

தொழுகைக்கு அழைக்கும் பாங்கு கேட்டது. தலைவர் பள்ளிவாசலுக்குள் போனார். சேகனா உதுமானைத் தனியாகவே இறக்கி, முகத்தை மக்கா இருக்கும் கிப்லா பக்கம் திருப்பிவிட்டு மேலே ஏறினார். மம்பட்டியை எடுத்தவர் மண்ணை அள்ளவில்லை. இறந்தவருக்காகத் தொழும் ஜனாஸா தொழுகையில் ஓதுவதற்கு அவருக்கு எதுவும் தெரியாது. தெரிந்த ஒருவர் தொழுதாலே ஊரின் கடமை தீர்ந்துவிடும். உள்ளே ஊரே தொழுதுகொண்டிருந்தது. உதுமானுக்கு ஊர் தரவேண்டிய தொழுகை பாக்கி. யாராவது ஒருவர் வெளியே வரட்டும் என்று சேகனா குழியை மூடாமல் நின்றார்.