சொந்த முடிவு

“அறந்தாங்கியில நகைக்கடைத் திறப்பு விழாப் பந்தல் சரிஞ்சுச்சே, ஒங்க டிவி ஏன் காட்டல? முதலாளி வேணாம்னுட்டாரா?” என்றாள் நாளிதழ் நிருபர் கார்த்திகா.

“ஒங்க பேப்பர்ல மட்டும் வந்துச்சா?” என்றான் டிவி நிருபர் வெற்றிசெல்வன்.

“இடமில்லங்க.”

“எப்படி இருக்கும்? முழுப்பக்கமும் அந்தக் கடை விளம்பரமாச்சே!”

“நான் யாருக்கும் பயப்பட மாட்டேன். என் முடிவு என்னோடதுதான்.”

“நானும் அப்படித்தாங்க.”

கார்த்திகாவின் அம்மா சொர்ணம் கதவைத் திறந்தாள்.

“பொண்ணும் மாப்பிள்ளையும் தனியாப் பேசட்டும்னு விட்டா, சத்தம் தெருவரைக்கும் கேக்குது! எல்லாரும் கூடத்துல காத்திருக்காங்க. ஒருத்தரை ஒருத்தர் பிடிச்சிருக்கா, இல்லையா?”

இருவரும் வெட்கத்தோடு செல்போனை எடுத்தார்கள்.

“எங்க ஆசிரியரை ஒரு வார்த்தை கேட்டுடுறேம்மா” என்றாள் கார்த்திகா.

வெற்றிசெல்வன் ஏற்கெனவே முதலாளியிடம் பேசிக்கொண்டிருந்தான்.