நீலக் கூடாரம்

மைதானத்தின் ஓரத்தில், தலையில் அடிபட்டவர்களைப் பரிசோதிப்பதற்காக இருந்த நீலக் கூடாரத்துக்குள் காரெட்டைக் கூட்டிப் போய்த் துணியை இழுத்து மூடினார்கள்.

அரங்கில் இருந்த எழுபதாயிரம் பேரும் வாயடைத்துப் போனார்கள். ஏரிப் பக்கமிருந்து வந்த காற்று மட்டும் பனித்தூளை வாரி இறைத்துக்கொண்டிருந்தது.

"அதெல்லாம் ஒரு அடியா அண்ணி?" என்றான் காரெட்டின் தம்பி வால்ட். "தோள்ல இடிச்சாங்க, உட்கார்ந்தான், எழுந்துட்டான். இதுக்குப் போய் டாக்டரா?"

லெனோர், கணவன் மறைந்துபோன அந்தத் துணியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

வால்ட் கேட்டதில் நியாயம் இருந்தது. இதைவிடப் பலமாக எத்தனையோ முறை விழுந்து எழுந்தவன்தான் காரெட். அமெரிக்கக் கால்பந்தில் அணிக்குப் பந்தெறிபவன் அவன். அவன் கை அசைந்தால்தான் மற்ற பத்துப் பேரும் நகர்வார்கள்.

கடைசிக் கால்பகுதி. மூன்று புள்ளி பின்தங்கியிருந்தார்கள். இன்று ஜெயித்தால் சூப்பர் பவுல் இறுதி ஆட்டம். முப்பத்தாறு வயதில் இன்னொரு முறை இவ்வளவு தூரம் வர முடியாது என்பது ஊருக்கே தெரியும்.

பக்கத்து இருக்கையில் இருந்த பெண், கன்னத்தில் அணியின் நிறத்தை அப்பியிருந்தவள், லெனோரின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"வேண்டிக்கம்மா. உன் புருஷன் வந்துடுவாரு."

லெனோர் கண்ணை மூடிக்கொண்டாள். வேண்டிக்கொண்டாள்.

அவன் வரக் கூடாது என்று.

அக்டோபரிலேயே தொடங்கிவிட்டது. மகளைக் கூட்டி வரப் போனவன், அவள் எப்போதோ விட்டுவிட்ட பழைய பள்ளியின் வாசலில் வண்டியை நிறுத்தி இருட்டும்வரை காத்திருந்தான். இன்னொரு நாள் சமையலறையில் நின்றுகொண்டு, "இந்தக் கதவு எங்க போகுது?" என்று கேட்டான். லெனோரின் முகம் மாறியதைப் பார்த்ததும், சும்மா விளையாடினேன் என்று சிரித்தான்.

அன்று படுக்கப் போகும்போது அவள் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னான்: "யார்கிட்டயும் சொல்லிடாத. இந்த ஒரு சீசன் முடியட்டும்."

டாக்டர்களிடம் அவன் மாட்டியதே இல்லை. எதிரணி எது, புள்ளி எத்தனை, போன வாரம் யாரோடு ஆடினீர்கள். எதைக் கேட்டாலும் டக்கென்று பதில் வரும். ஆட்டம் அவன் தலைக்குள் அப்படியே இருந்தது. மற்றதுதான் ஒவ்வொன்றாகக் கழன்று போய்க்கொண்டிருந்தது.

இன்று இடைவேளையில், காலாற நடந்துவிட்டு வருகிறேன் என்று வால்ட்டிடம் சொல்லிவிட்டுக் கீழே இறங்கிப் போனாள் லெனோர். இரண்டு அணிக்கும் பொதுவாக வந்திருந்த நரம்பியல் டாக்டரம்மாவைக் கம்பித் தடுப்பின் அருகே நிறுத்தினாள்.

"அவர்கிட்ட ஆட்டத்தைப் பத்திக் கேட்காதீங்க," என்றாள். "வீட்டைப் பத்திக் கேளுங்க."

டாக்டரம்மா அவளை உற்றுப் பார்த்தார். பிறகு காரெட் சும்மா ஒரு இடி வாங்கி உட்கார்ந்ததுமே, அவனைச் சோதிக்க வேண்டும் என்று நடுவரைப் பார்த்துக் கையைத் தூக்கிவிட்டார்.

கூடாரம் திறந்தது.

முதலில் காரெட் வந்தான். அரங்கம் அதிர்ந்தது. அவன் பின்னாலேயே ஓர் உதவியாளர் வந்தார். காரெட்டின் தலைக்கவசம் அவர் கையில் இருந்தது. அதை எடுத்துக்கொண்டு அவர் உடைமாற்றும் அறைப் பக்கம் நடக்கத் தொடங்கியதும் கூச்சல் பாதியில் அறுந்தது. கவசத்தை வாங்கிவிட்டால் அன்றைக்கு அவ்வளவுதான்.

"எவனோ போட்டுக் குடுத்துட்டான்," என்றான் வால்ட். அழுதுகொண்டிருந்தான். "அவன் மட்டும் என் கையில கிடைக்கட்டும் அண்ணி."

"உட்காரு, வால்ட்."

மாற்றாக இறங்கியவன் எறிந்த முதல் பந்தே எதிரணிக்காரன் மார்பில் போய் விழுந்தது. அதற்குமேல் சொல்ல ஒன்றுமில்லை. வெளியூர்க்காரர்கள் பனியில் உருண்டு புரண்டு கொண்டாடினார்கள். உள்ளூர்க்காரர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் எழுந்து போனார்கள்.

லெனோர் இறங்கி, ஆட்டக்காரர்கள் உள்ளே போகும் சுரங்கவழிக்கு மேலே, கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

அவன் கண்டுபிடித்துவிடுவான். எதிரில் நிற்பவர்களில் யார் எந்தப் பக்கம் ஓடப் போகிறார்கள் என்பதை ஒரு பார்வையில் சொல்லிவிடுகிறவன் அவன். டாக்டர் திடீரென்று வீட்டைப் பற்றிக் கேட்டால், யார் சொல்லிக் கேட்கிறார் என்பதா தெரியாது?

கத்தட்டும். மாதக்கணக்கில் பேசாமல் இருக்கட்டும். வேறு அறையில் படுக்கட்டும். கோபம் எவ்வளவு வந்தாலும் தாங்கிக்கொள்ளலாம் என்று அவள் முடிவு செய்திருந்தாள்.

எல்லோரும் தலையைக் குனிந்தபடி உள்ளே போனார்கள். காரெட் கடைசியில் வந்தான். கம்பளித் தொப்பி, தோளில் நீளமான அங்கி. சுரங்கவழிக்குக் கீழே வந்ததும் நிமிர்ந்து பார்த்தான். அவளைப் பார்த்தான். நின்றுவிட்டான்.

அவள் கம்பியை இன்னும் இறுக்கிப் பிடித்தாள்.

அவன் முகத்தில் கோபமே இல்லை. களைத்துப்போன முகத்தில் மெல்ல ஒரு சிரிப்பு வந்தது. மணிக்கட்டில் கட்டியிருந்த பட்டையைக் கழற்றினான். எக்கி நின்று, அதை அவள் கையில் வைத்தான்.

"இந்தக் குளிர்லயும் எங்களுக்காக வந்தீங்களே," என்றான். "ரொம்ப நன்றிங்க."